ரசமட்டம்

பத்துக்குப் பன்னிரண்டு அறை.
தையல் மெஷின், பீரோ, அரிசி டிரம்
எல்லாம் போக மிச்சமான தரையில்
பகலெல்லாம் துணி வெட்டுவேன்.
ராத்திரி அதே இடத்தில்
ரெண்டு பிள்ளைகளும் நானும் படுப்போம்.
வெட்டின துணுக்கு நித்திலாவின் சடையில் ஒட்டிக்கொண்டு
பள்ளிக்கூடம் வரைக்கும் போகும்.

குனிந்தே வெட்டி இடுப்பு விட்டுப்போச்சு,
சுவரோடு மடங்குகிற மாதிரி ஒரு மேசை போட்டுக்கலாமா
என்று போனில் கேட்டேன்.
"அறுப்பு முடியட்டும், வந்து செஞ்சு தர்றேன்" என்றார் குணசீலன்.
அறுப்பு மெஷின் ஓட்டுகிறவருக்கு
ஏதாவது ஓர் ஊரில் அறுப்பு இருந்துகொண்டேயிருக்கிறது.
இப்போது நல்கொண்டா பக்கம்.

சீர்காழியில் நானே போய் வாங்கினேன்.
நாலுக்கு ரெண்டு பிளைவுட், முக்கால் இஞ்ச் கனம்,
தேக்கு ரீப்பர் ஒன்று, கீல் மூன்று,
மடக்குத் தாங்கி ஒரு ஜோடி, ஆங்கர் போல்ட்டு நாலு.
"வேலைக்கு யாரு, எந்த ஆசாரி?" என்றார் கடைக்காரர்.
பில்லில் என் பேரைப் போடச் சொன்னேன்.
மினி பஸ்ஸில் பலகைக்கும் ஒரு டிக்கெட்.

டிரில், கேபிள் நசுருதீனிடம் இரவல்.
தரையிலிருந்து முப்பத்தாறு இஞ்ச்,
அந்தக் கோடியில் ஒரு புள்ளி, இந்தக் கோடியில் ஒரு புள்ளி,
டெய்லர் சாக்கால் இழுத்தேன், கை பழகின கோடு.
செங்கல் தூள் மூக்கில் ஏற ரெண்டு ஓட்டை.
சோதனைக்கு ஸ்க்ரூ மட்டும் முடுக்கி
பலகையை விரித்து
மேலே ஒரு பாபினை வைத்தேன்.

உருண்டது.
வாசல் பக்கமாக, அவசரமே இல்லாமல்.
விழுந்து, நூலை விட்டுக்கொண்டே
படி வரைக்கும் போய் நின்றது.

தரைக்கு வாட்டம் வைத்துக் கட்டியிருக்கிறார்கள்,
கழுவிவிட்டால் தண்ணீர் வெளியே ஓடணுமே.
அந்த வாட்டம் என் கோட்டுக்கும் வந்துவிட்டது.

ரசமட்டம் கொத்தனார் வீட்டில் இருக்குமாம்.
கொத்தனார் திருப்பூரில்.

கழற்றிப் போட்டுவிட்டு உட்கார்ந்திருந்தேன்.
என் நீலக் கோட்டுக்குக் கீழே
இன்னொரு கோடு.
ரெண்டு தரம் வெள்ளையடித்தும் மேலே வந்துவிடுகிற
டீக்கறைக் கோடு.
கொள்ளிடம் உள்ளே வந்து
மூன்று ராத்திரி தங்கிப்போன உயரம்.
டேப்பை வைத்தேன்.
உள்பக்கம் ரெண்டுக்கும் நடுவே அஞ்சு இஞ்ச்,
வாசல் பக்கம் நாலரை.
யார் கோடு தப்பு என்று யோசிக்க வேண்டியதில்லை.
நின்ற தண்ணீர் கோணலாய் நிற்காது.

ஆவணி முகூர்த்தத்துக்கு வந்திருந்த
பதினேழு ரவிக்கைத் துணி போச்சு அன்றைக்கு,
மெஷின் மோட்டாரும்.
பட்டுக்காரிகளுக்குக் காசு கட்டி முடித்தது
போன மாசியில்தான்.
அவ்வளவு வாங்கிக்கொண்டதற்கு
ஒரு கோடாவது ஒழுங்காய்ப் போட்டுவிட்டுப் போயிருக்கிறது.

அதிலிருந்து அளந்தேன், அஞ்சு இஞ்ச் மேலே,
வாசல் பக்கத்து ஓட்டையில் சோப்பைத் திணித்து மூடி
ஒரு சாண் தள்ளிப் புதுசு போட்டேன்.

பாபின் நிற்கிறது.
மடக்கினால் பலகை தொங்கி அந்தக் கோட்டை மறைக்கிறது,
நாலடிக்கு மட்டும்.
ரெண்டு பக்கமும் அது பாட்டுக்கு நீண்டுகொண்டுதான் இருக்கிறது.
நித்திலா அரிசி டிரம்மேல் ஏறி உட்கார்ந்து
கணக்குப் போடுகிறாள் அதில்.

நேற்று டிவியில் மேட்டூர் நிலவரம்.
நிரம்ப இன்னும் ஆறடி.
மெஷின் தலையைக் கழற்றித் தூக்கி
மேசைமேல் வைத்துப் பார்த்தேன்.
தாங்குகிறது.
அஞ்சு இஞ்ச்.
ரவிக்கையில் அவ்வளவு விட்டால்
உள்ளே இன்னொருத்தி புகுந்துகொள்ளலாம்.
ஆற்றுக்கு அது எவ்வளவோ.

இறக்கி மறுபடி பூட்டினேன்.
மரகதம் டீச்சர் அஞ்சரைக்கு வருவார்,
கொக்கி இன்னும் வைக்கவில்லை.